இரண்டு பக்கமும் நின்ற எக்ஸ்

என் மகளுக்குக் கணக்கு வராது. போன வருடம் இதை யாராவது என் முகத்துக்கு நேரே சொல்லியிருந்தால் சண்டைக்குப் போயிருப்பேன். இப்போது நானே எழுதுகிறேன்.

பதினோராம் வகுப்பு முடிவில் வரும் சாதாரண தரப் பரீட்சையை அவள் முதல்முறை எடுத்தபோது தமிழுக்கும் சமயத்துக்கும் சித்திரத்துக்கும் 'ஏ' வந்தது. கணிதத்துக்கு 'டபிள்யூ'. அதாவது சித்தியில்லை, தவறிவிட்டாள். கணிதம் இல்லாமல் பல்கலைக்கழகத்துக்கு வழியான உயர்தர வகுப்பு இல்லை என்பது எங்கள் பக்கத்தில் பால்குடிப் பிள்ளைக்கும் தெரியும். மற்றப் பாடங்கள் நன்றாக இருந்தபடியால், அடுத்த முறை கணிதத்தை எப்படியும் எடுத்துத் தரவேண்டும் என்ற நிபந்தனையில் பாடசாலையில் அவளைக் கலைப்பிரிவு வகுப்பில் இருக்க விட்டார்கள். இருக்க விட்டார்கள் என்றுதான் சொல்லவேண்டும். பெயர் இடாப்பில் அவளுடைய பெயர் கடைசியில், கோடு போட்ட இடத்துக்குக் கீழே இருந்தது.

பல்கலைக்கழகத்தில் சித்திரம் படிக்கவேண்டும் என்பதைத் தவிர அவளுக்கு வேறு ஆசை இருந்ததாக எனக்குத் தெரியாது. அந்த ஆசைக்குத் தேவையாக இருந்தது கணிதத்தில் வெறும் சாதாரணச் சித்தி.

நான் உயர்தரத்தில் கணிதப் பிரிவில் படித்தவள். பல்கலைக்கழகம் கிடைக்கவில்லை, கூட்டுறவுச் சங்க அலுவலகமொன்றில் வேலை செய்கிறேன். என் கணவருக்கு உரும்பிராயில் செம்மண் தோட்டம். ஒரு போகம் வெங்காயம், ஒரு போகம் பீட்ரூட். வீட்டில் நான் இருக்கும்போது பிள்ளை கணக்கில் தவறுவாள் என்று நாங்கள் இரண்டு பேருமே நினைக்கவில்லை. தவறிய பிறகு, நான் மட்டும் போதாது என்று முடிவெடுத்தோம். இங்கே பிள்ளை ஒரு பாடத்தில் பின்தங்கினால் பெற்றோர் முதலில் செய்வது இன்னொரு ரியூசனுக்கு அனுப்புவதுதான். தண்ணீர் போதவில்லை என்றால் இன்னொரு வாய்க்கால் வெட்டுவது போல.

ஆகவே அவளுக்குக் கணக்குச் சொல்லிக்கொடுத்தவர்கள் மூன்று பேர். பாடசாலையில் ஒரு ரீச்சர். கோப்பாய்ப் பக்கத்தில் தகரக் கொட்டிலில் பெருங்கூட்டத்துக்கு மைக்கில் படிப்பிக்கும் ஒரு சேர். வீட்டில் நான்.

சமன்பாட்டில்தான் எல்லாம் வந்து நின்றது. எக்ஸ் ஒரு பக்கத்தில் மட்டும் இருந்தால் எப்படியோ செய்துவிடுவாள். இரண்டு பக்கமும் இருந்தால் பேனையை மூடிவிடுவாள்.

"எக்ஸ் ஏன் ரெண்டு பக்கமும் நிக்குது? ஒரு பக்கம் நிண்டால் காணாதோ?" என்று ஒருநாள் கேட்டாள்.

ரீச்சரின் முறை, இரண்டு பக்கமும் ஒரே எக்ஸ்களைக் கழித்து, அதை ஒவ்வொரு வரியிலும் எழுதிக் காட்டி, எக்ஸை இடப்பக்கத்தில் வைத்திருப்பது. எழுத்து ஒன்று விடுபட்டால் முழுவதையும் திரும்ப எழுதச் சொல்லுவார். சேரிடம் அவ்வளவு பொறுமை இல்லை. சமன் அடையாளம் அவருக்கு ஒரு மதகு. "மதகு கடந்தால்?" என்று மைக்கில் கேட்பார். "சட்டை மாறும்!" என்று பிள்ளைகள் கத்துவார்கள். சக என்ற கூட்டல் சய என்ற கழித்தலாகும், கழிபட்டது கூட்டுப்படும். அவளை ஏற்றப் போகும்போது வீதியில் நின்று நானும் கேட்டிருக்கிறேன். பால்காரருக்கும் அது பாடம்.

எனக்கு இரண்டும் பிடிக்கவில்லை. விளங்கிச் செய்யவேண்டும் என்று சொல்லி, ஒரு சனிக்கிழமை அவளை முற்றத்துக்குக் கூட்டிக்கொண்டு போனேன். பீட்ரூட் கட்டிவைத்த உரப்பைகள் அங்கே கிடந்தன. ஒரு பக்கம் ஐந்து பையும் மூன்று கிலோவும். மற்றப் பக்கம் இரண்டு பையும் பதினெட்டுக் கிலோவும். இரண்டு பக்கமும் ஒரே நிறை. ஒரு பை என்ன நிறை?

"பையை அவிட்டுப் பாத்தால் என்ன, அம்மா?"

"அவிட்டுப் பாக்கேலாது."

"ஏன், ஆர் கட்டினது?"

மண்வெட்டியோடு போன அவர் நின்றார். "அதுதானே. பீட்ரூட்டைக் கட்டிப்போட்டு எத்தினை கிலோ எண்டு தெரியாமல் ஆரும் இருப்பினமோ? சந்தையிலை சிரிப்பாங்கள்."

"நீங்கள் பேசாமல் போங்கோ" என்றேன்.

"நாங்கள் சண்டை நேரம் பங்கருக்கை இருந்து ஜாம் போத்தில் விளக்கிலை படிச்ச ஆக்கள்" என்று போகிற போக்கில் அவளுக்கும் ஒன்று சொன்னார்.

"அப்ப எனக்கும் ஒரு பங்கர் வெட்டித் தாங்கோவன், அப்பா. பாஸ் பண்ணிப் போடுறன்."

மூன்று பேரும் சிரித்தோம். அதற்குப் பிறகு அவள் தானாகவே இந்தப் பக்கத்தில் இரண்டு பையை இழுத்து ஒதுக்கினாள். அந்தப் பக்கத்தில் இருந்த இரண்டையும் ஒதுக்கினாள். மூன்று கிலோவை இரண்டு பக்கமும் எடுத்தாள். மூன்று பை, பதினைந்து கிலோ. "அஞ்சு" என்றாள். உடனே நம்பவில்லை. "போட்டுப் பார்" என்றேன். ஐயைந்து இருபத்தைந்து, மூன்று, இருபத்தெட்டு. ஈரைந்து பத்து, பதினெட்டு, இருபத்தெட்டு. இரண்டு பக்கமும் ஒன்றாக வந்தபோது அவள் என்னைப் பார்த்த பார்வை இன்னும் எனக்குள் கிடக்கிறது. விடை சரியோ பிழையோ என்று யாரிடமும் கேட்கத் தேவையில்லை, போட்டுப் பார்த்தால் சமன்பாடே சொல்லும் என்று அன்றைக்குச் சொல்லிக்கொடுத்தேன். அதன்பின் எந்த விடை வந்தாலும் போட்டுப் பார்க்காமல் அவள் கொப்பியை மூடியதில்லை.

பரீட்சை கிட்ட வரவர எல்லோரும் ஒன்றையே சொன்னோம். கேத்திரகணிதம் போனால் போகட்டும், வரைபு போனால் போகட்டும், சமன்பாடு கட்டாயம் வரும், அது கையில் விழுந்த புள்ளி, அதை விடாதே. ரீச்சர் சொன்னார். சேர் மைக்கில் சொன்னார். நான் சோறு போடும்போதெல்லாம் சொன்னேன்.

பரீட்சை அன்று காலையில் பிள்ளையாரிடம் பேனைகளை வைத்து எடுத்தோம். ஐயர் விபூதியைப் பேனை மூடிகளிலும் பூசித் தந்தார். கோப்பாயில் மண்டபம். பிள்ளைகள் உள்ளே போன பிறகு தாய்மார் நாங்கள் கேற்றடியில், வேம்பின் கீழ் நின்றோம். எல்லோரும் இரண்டாம் முறை, மூன்றாம் முறைக்காரரின் தாய்மார். முதல்முறைக்காரர் நின்ற பக்கத்துக்கு நாங்கள் போகவில்லை.

"இந்த முறையும் எடுக்காட்டி அவளை மாமாவிட்டைக் கனடாவுக்கு அனுப்பிப் போடுவன்" என்றாள் ஒருத்தி.

"அங்கையும் எக்ஸ் இருக்காம்" என்றாள் மற்றவள். "அங்கை அது இங்கிலிசு பேசுமாம்."

சிரித்தோம். மணி அடித்தது. பிள்ளைகள் வந்தார்கள். வந்துகொண்டே இருந்தார்கள், பிறகு ஒவ்வொருவராக வந்தார்கள், பிறகு வரவில்லை. வேம்பின் கீழ் நான் மட்டும் நின்றேன். காவலாளி கேற்றைச் சாத்த வந்தார்.

"இன்னும் ஒரு பிள்ளை வரேல்லை" என்றேன்.

"எல்லாப் பிள்ளையளும் போட்டினம், அம்மா. பின் கேற்றும் திறந்துதான் இருந்தது."

கைத்தொலைபேசி அவளிடம் இல்லை. பரீட்சைக்குக் கொண்டுபோகக் கூடாது. ஸ்கூட்டியைத் திருப்பினேன். கோப்பாயிலிருந்து உரும்பிராய்க்கு வரும் உள்வீதியின் இரண்டு பக்கமும் தோட்டங்கள். தோட்டத்துக்குத் தோட்டம் கிணறு. பாதிக் கிணறுகளுக்குச் சுற்றுக்கட்டு இல்லை. பிறந்ததிலிருந்து பார்த்த கிணறுகள். அன்றைக்குத்தான் அவை எத்தனை என்று எனக்குத் தெரிந்தது.

முதல் கிணற்றடியில் ஏன் நிறுத்தினேன் என்று எனக்கே நான் சொல்லவில்லை. ஸ்கூட்டியை வரம்பில் சாய்த்துவிட்டுப் போய் எட்டிப் பார்த்தேன். அடுத்ததிலும் பார்த்தேன். அதற்கடுத்த தோட்டத்தில் வெங்காயத்துக்குப் பாத்தி பாத்தியாகத் தண்ணீர் மாறிக்கொண்டிருந்தவர் நிமிர்ந்தார்.

"என்ன தங்கச்சி, தேடுறீர்?"

"ஒண்டுமில்லை, அண்ணை."

"வாளி கீளி விழுந்திட்டுதோ?"

ஓம் என்று தலையாட்டினேன். அவர் மண்வெட்டியைப் போட்டுவிட்டு வந்து என்னோடு சேர்ந்து குனிந்து பார்த்தார். "ஒண்டையும் காணேல்லையே" என்றார். நான் அங்கேயே வரம்பில் குந்திவிட்டேன். "வெயில், தங்கச்சி, வீட்டை போம்" என்றார்.

வீட்டுப் படியில் அவளுடைய வெள்ளைச் சப்பாத்துகள் கிடந்தன. செம்மண் அப்பியிருந்தது, தோட்டங்களுக்குள்ளால் நடந்து வந்திருக்கிறாள். பள்ளிக்கூடச் சட்டையோடு குசினியில் இருந்து காலைச் சோற்றையும் பருப்பையும் குழைத்துச் சாப்பிட்டுக்கொண்டிருந்தாள்.

நான் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அடிக்கவேண்டும் போலிருந்தது, கட்டிப்பிடிக்கவேண்டும் போலிருந்தது, இரண்டும் செய்யவில்லை.

"ஏன் பின் கேற்றாலை வந்தனி?"

"முன்னுக்கு நீங்கள் நிண்டியள்" என்றாள்.

அவள் அதைக் கோபமாகச் சொல்லவில்லை. கேட்டதற்குப் பதில் சொன்னாள். கையைக் கழுவிவிட்டு வந்து இருந்தாள். நான் தண்ணீர் குடித்தேன். பிறகு, எந்த நேரத்திலும் என்னால் கேட்காமல் இருக்க முடியாத கேள்வியைக் கேட்டேன்.

"சமன்பாடு வந்ததோ?"

"வந்தது." அதை அவள் மனப்பாடமாகச் சொன்னாள். "ஏழு எக்ஸ் சய ஒன்பது சமன் மூண்டு எக்ஸ் சக ஏழு."

"செய்தனியோ?"

"மூண்டு தரம் செய்தனான்."

முதலில் சேர் சொன்னபடி. மதகு கடந்தால் சட்டை மாறும். ஒன்பது கடந்தது, சட்டையை மாற்றினாள். மூன்று எக்ஸ் கடந்தது, மாற்ற மறந்தாள். பத்து எக்ஸ் சமன் பதினாறு. விடை ஒன்று தசம் ஆறு.

பிறகு ரீச்சர் சொன்னபடி. இரண்டு பக்கமும் மூன்று எக்ஸைக் கழித்து ஒழுங்காக எழுதினாள். எழுதும்போதே மதகு நினைவு வந்து, வலப்பக்கத்து மூன்று எக்ஸை இன்னொரு தரம் இந்தப் பக்கம் கொண்டுவந்து கழித்தாள். ஒரு எக்ஸ் மிஞ்சியது. விடை பதினாறு.

"பதினாறு வந்த உடனை நல்லா இருந்தது, அம்மா. முழு நம்பர்."

கடைசியாக நான் சொன்னபடி. ஏழு பையில் மூன்றை எடுத்தாள், மற்றப் பக்கத்தில் மூன்றையும் எடுத்தாள். நாலு எக்ஸ் சய ஒன்பது சமன் ஏழு. அதுவரை ஒரு பிழையும் இல்லை. பிறகு அந்த ஒன்பதையும் இரண்டு பக்கமும் எடுத்தாள். என் முற்றத்தில் பைகளுக்குப் பக்கத்தில் எப்போதும் எடுக்கத்தக்க கிலோக்கள்தான் கிடந்தன. ஒன்பது கிலோ குறைகிற பை எங்கள் முற்றத்தில் இருக்கவில்லை. விடை சய அரை.

"மூண்டு விடை வந்தால் போட்டுப் பாத்திருக்கலாமே, பிள்ளை" என்றேன். "எது சரியெண்டு தெரிஞ்சிருக்குமே."

"போட்டுப் பாத்தனான்" என்றாள். "மூண்டும் பொருந்தேல்லை."

அந்தச் சின்ன இடத்துக்குள் மூன்றையும் எழுதி, மூன்றையும் போட்டுப் பார்த்து, மூன்றும் பிழை என்று திட்டமாகத் தெரிந்துகொண்டு, அதற்குமேல் என்ன செய்வது என்று தெரியாமல் அவள் இருந்திருக்கிறாள். அடுத்த கேள்விக்குப் போயிருக்கலாம். போகவில்லை. விடாதே என்று நாங்கள் எல்லோரும் சொன்னதை அவள் விடவில்லை. தாள் வாங்க வந்தபோது பின்பக்கங்கள் வெறுமையாக இருந்தன.

எனக்குத் தெரிந்த கணக்கில் அவளுக்குப் பிழையில்லாமல் சொல்லிக்கொடுத்தது ஒன்றுதான்: போட்டுப் பார்ப்பது. அது மண்டபத்தில் சரியாக வேலை செய்தது. மற்றப் பிள்ளைகள் பிழையான விடையை எழுதிவிட்டுச் சந்தோஷமாகப் பக்கத்தைப் புரட்டியிருப்பார்கள்.

சரியான விடை அவள் சமன்பாட்டைச் சொல்லி முடித்தபோதே எனக்கு வந்துவிட்டது. அவள் கேட்கவில்லை. நான் சொல்லவில்லை.

அடுத்த கிழமை அவர் எங்கள் தோட்டக் கிணற்றுக்கு வலை போட்டார். நான் எட்டிப் பார்த்த கிணறுகளைப் பற்றி அவருக்கு யாரோ சொல்லியிருக்கவேண்டும். நைலோன் வலையை நாலு மூலையிலும் இழுத்துக் கட்டிக்கொண்டிருந்தபோது அவள் தேநீர் கொண்டுபோனாள்.

"ஏனப்பா வலை?"

"இலையள் விழுது, பிள்ளை. பம்பை அடைக்குது."

அவள் சுற்றிப் பார்த்தாள். "எங்கடை கிணத்தடியிலை மரமே இல்லையே, அப்பா."

அவர் கட்டிக்கொண்டேயிருந்தார். அவள் தேநீரை வரம்பில் வைத்துவிட்டு வந்தாள். தனக்காகத்தான் அந்த வலை என்று அவளுக்குத் தெரியும் என்பது எங்களுக்கும் தெரியும்.

பெறுபேறு வந்தது. அவளே தொலைபேசியில் பார்த்துவிட்டு, திரையை என் பக்கம் திருப்பி மேசையில் வைத்தாள். 'டபிள்யூ'. அவர் உச்சிவெயிலில் போய் வெங்காயத்துக்குத் தண்ணீர் இறைத்தார். அந்த வெயிலில் இறைத்தால் பயிர் அவியும் என்று எனக்கே தெரியும். நான் தடுக்கவில்லை.

பாடசாலையில் அதிபர் நல்லபடிதான் கதைத்தார். நிபந்தனை நிபந்தனைதான், தன்னால் ஒன்றும் செய்ய ஏலாது என்றார். சித்திர ரீச்சர் வாசல்வரை வந்து, "மூண்டாம் முறை எடுக்கட்டும், கட்டாயம் எடுக்கட்டும்" என்று என் கையைப் பிடித்தார். மகள் தன்னுடைய மேசைக்குள் இருந்த தூரிகைகளை ஒரு பையில் போட்டுக்கொண்டு வந்தாள். வகுப்புப் பிள்ளைகள் ஜன்னலால் பார்த்தார்கள். யாரும் கூப்பிடவில்லை, கூப்பிட்டு என்ன சொல்வது?

"பிள்ளை என்ன மாதிரி? கம்பஸ் போகப்போறாவோ?" என்று கோயிலில் கேட்கிறார்கள். "தைக்கப் பழகிறா" என்கிறேன். "அதுவும் நல்லதுதானே" என்கிறார்கள். எங்கள் பக்கத்தில் 'அதுவும்' என்று தொடங்கினால் மிச்சத்தைக் கேட்கத் தேவையில்லை.

தையல் வகுப்பில் கெட்டிக்காரி என்றும் என்னால் சொல்ல முடியாது. வெட்டும்போது தோளில் கொஞ்சம் பிழைக்கிறாள். ஒருநாளும் முறையிடுவதில்லை. தூரிகைப் பை அலுமாரிக்கு மேலே இருக்கிறது. தூசு படிந்திருக்கிறதா என்று நான் பார்ப்பதுண்டு. படிந்திருக்கிறது.

மூன்றாம் முறைக்கு விண்ணப்பிக்கும் காலம் வந்தபோது இரண்டு மூன்று தரம் வாயெடுத்தேன். ஒவ்வொரு தரமும் வேம்பின் கீழ் நின்றது நினைவு வந்தது. அவர் கேட்கட்டும் என்று நான் இருந்தேன். நான் கேட்பேன் என்று அவர் இருந்தார்.

போன ஞாயிறு பின்னேரம், நிலத்தில் துணியை விரித்துச் சோக்கால் கோடு போட்டுக்கொண்டிருந்தவள் தலையை நிமிர்த்தாமல் கேட்டாள்.

"அம்மா, அந்தச் சமன்பாட்டுக்கு விடை என்ன?"

"நாலு."

"நாலோ?"

சோக்கைக் கையில் வைத்துக்கொண்டு வாய்க்குள் போட்டுப் பார்த்தாள். எனக்குக் கேட்டது. ஏழு நாலு இருபத்தெட்டு, ஒன்பது போனால் பத்தொன்பது. மூன்று நாலு பன்னிரண்டு, ஏழு, பத்தொன்பது.

"ஓம், பொருந்துது" என்றாள். அடுத்த கோட்டை இழுத்துவிட்டு, "சின்ன நம்பர்" என்றாள்.

இதுதான் நேரம் என்று நினைத்தேன். "இன்னும் கொஞ்ச நாள் இருக்கு, பிள்ளை. விண்ணப்பிக்கலாம். இந்த முறை ரியூசன் ஒண்டும் வேண்டாம். நான் மட்டும்—"

"வேண்டாம், அம்மா."

"ஒருக்கா யோசி."

"யோசிச்சனான். விடை என்னெண்டு தெரியாமல் இருந்ததுதான் ஒரு மாதிரி இருந்தது. இப்ப தெரிஞ்சிட்டுது. காணும்."

துணியை எடுத்துக்கொண்டு அறைக்குள் போனாள். மெசின் ஓடத் தொடங்கியது. நான் குசினியில் நின்றேன். அதன் சத்தம் கேட்கும்வரை என்னால் வேலை செய்ய முடிகிறது. நூல் மாற்றவோ துணியைத் திருப்பவோ அவள் நிறுத்தினால், கையில் இருப்பதை வைத்துவிட்டுப் போய் எட்டிப் பார்க்கிறேன்.